டெபுடேஷனில் வந்தவரை இங்கே இருக்கும் அலுவலகம் சஸ்பெண்ட் செய்யலாமா? தில்லியில் இருக்கும் விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

ஆர்கேபுரம் வாசி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். மத்திய அரசு வேலையில் இருக்கிறவர்கள், இருந்து ஓய்வு பெற்றவர்கள் யாராவது இதைப் படித்தால் தயவுசெய்து பதில் எழுதுங்கள். பன்னிரண்டு நாளாக எனக்குச் சரியான தூக்கம் இல்லை.

என் தாய்த்துறை சென்னையில் இருக்கிறது. மத்திய அரசு அலுவலகம், நான் அப்பர் டிவிஷன் கிளார்க். ஒன்றரை வருடத்துக்கு முன்னால் மூன்று வருட டெபுடேஷனில், அதாவது இரவல் பணியில், தில்லிக்கு வந்தேன். வேறொரு அமைச்சகத்தின் கீழ் இருக்கும் ஒரு தன்னாட்சி நிறுவனம், பெயர் வேண்டாம். வந்தது அசிஸ்டென்ட் பதவிக்கு, ஆனால் வந்த இரண்டாம் மாதமே ஸ்டோர்ஸ் பொறுப்பையும் என்னிடம் கொடுத்துவிட்டார்கள்.

போன மார்ச் கடைசியில், நிதியாண்டு முடிய இரண்டு நாள் இருக்கும்போது, 40 டோனர் கார்ட்ரிட்ஜ் வந்தது. சாயங்காலம் ஐந்து மணி தாண்டிவிட்டது. ஸ்டோர் ரூம் மாடிப்படிக்குக் கீழே இருக்கிறது, அதன் சாவி அன்று லீவில் போனவரிடம் இருந்தது. சப்ளையரின் பையன் தள்ளுவண்டியில் பெட்டிகளைக் கொண்டுவந்து நடைபாதையிலேயே அடுக்கிவிட்டு, பில்லை நீட்டிக்கொண்டு நின்றான். மேலே இருந்த அதிகாரி, "இன்றைக்குள் பில் அக்கவுன்ட்ஸுக்குப் போகாவிட்டால் பணம் காலாவதி ஆகிவிடும், கையெழுத்துப் போடு, நாளைக்கு எண்ணிக்கொள்ளலாம்" என்றார். பில்லின் பின்பக்கம், பொருள் சரியாக வந்து சேர்ந்தது, ஸ்டாக் ரிஜிஸ்டரில் ஏற்றப்பட்டது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மறுநாள் எண்ணவில்லை. அது என் தப்புதான், மறைக்கவில்லை. ஜூன் மாதம் சரிபார்ப்பு நடந்தபோது 26தான் இருந்தது. விநியோகம் செய்ததாக எந்தப் பதிவும் இல்லை. 14 பெட்டி எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.

முதலில் விளக்கம் கேட்டு மெமோ வந்தது, பதில் கொடுத்தேன். அப்புறம் ஒரு வெள்ளிக்கிழமை ஐந்தரை மணிக்கு, பையை எடுத்துக்கொண்டு கிளம்பும் நேரத்தில், டெஸ்பாட்ச் பையன் உறையோடு வந்து நோட்டில் கையெழுத்து வாங்கினான். பிரித்தால் சஸ்பென்ஷன் உத்தரவு. என்னை வேலைக்கு எடுத்தது சென்னை அலுவலகம். நியமன ஆணையில் கையெழுத்துப் போட்டவர் அங்கே இருக்கிறார். இங்கே இருக்கும் டைரக்டருக்கு என்னைச் சஸ்பெண்ட் செய்ய என்ன அதிகாரம்? சென்னையில் இருக்கும் நண்பரிடம் கேட்டால், அப்படி ஒரு கடிதமே இன்னும் வரவில்லை என்கிறார். இதற்கு நடுவில், என்னைத் திருப்பி அனுப்பிவிடப் போவதாகவும் வாய்மொழியாகச் சொல்கிறார்கள். சஸ்பென்ஷனும் போட்டுத் திருப்பியும் அனுப்ப முடியுமா? மகள் ஒன்பதாம் வகுப்பு, பாதி வருடத்தில் எங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பது?


முனிர்காக்காரன் எழுதியது:

சார், பயப்படாதீர்கள். அரசியல் சட்டம் 311ஆவது பிரிவு தெளிவாக இருக்கிறது. உங்களை நியமித்த அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட யாரும் உங்கள் மேல் கை வைக்க முடியாது. உங்களை நியமித்தது சென்னை. இங்கே இருக்கிறவர் வேறு அமைச்சகம், வேறு நிறுவனம். அந்த உத்தரவு செல்லவே செல்லாது. மேல்முறையீடு அது இது என்று நேரத்தை வீணாக்காமல் நேராக நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள், ஒரே வாரத்தில் தடை வாங்கலாம். அந்த மெமோவுக்குப் பதில் கொடுத்ததே தப்பு, இனி வருகிற எதையும் வாங்காதீர்கள்.


பழைய விஜிலென்ஸ் செக்‌ஷன் எழுதியது:

தம்பி முனிர்கா, நல்ல மனசோடு சொல்கிறீர்கள், ஆனால் இந்த ஆலோசனையை அவர் கேட்டால் மாட்டிக்கொள்வார். நான் முப்பது வருடத்தில் பாதியை விஜிலென்ஸ் பிரிவில், அதாவது ஊழியர்கள் மேல் வரும் புகார்களைப் பார்க்கும் பிரிவில், கழித்தவன். டெபுடேஷன்காரர்கள் கெட்டுப்போவதே இந்த ஒரு நம்பிக்கையால்தான், "என்னை எடுத்தவன் மட்டும்தான் என்னைக் கேட்க முடியும்" என்று. அதில் பாதிதான் உண்மை. எந்தப் பாதி என்று தெரியாவிட்டால் ஆபத்து.

311இன் முதல் உட்பிரிவு பேசுவது டிஸ்மிஸ், ரிமூவல் இந்த இரண்டைப் பற்றி மட்டும். அதாவது வேலையையே பறிப்பது. இரண்டாம் உட்பிரிவு அதோடு பதவியிறக்கத்தையும் சேர்த்து, விசாரணை இல்லாமல் செய்யாதே என்கிறது. சஸ்பென்ஷன் தண்டனையே இல்லை, அதனால் 311க்குள் அது வருவதில்லை. மெமோ கொடுப்பது, விசாரணை நடத்துவது இதையெல்லாம் அந்தப் பிரிவு தடுக்கவில்லை.

உங்களுக்கு வேண்டியது சிசிஎஸ் சிசிஏ விதிகள், 1965, மத்திய அரசு ஊழியர்கள் மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுப்பதற்கான விதிகள். அதில் 20ஆவது விதி உங்களைப் போன்றவர்களுக்காகவே எழுதியது. ஒரு துறை தன் ஊழியரை இன்னொரு துறைக்கோ, மாநில அரசுக்கோ, உள்ளாட்சி அல்லது வேறு அமைப்புக்கோ இரவல் கொடுத்தால், இரவல் வாங்கிய இடத்துக்கு இரண்டு அதிகாரம் வருகிறது. சஸ்பெண்ட் செய்யும் விஷயத்தில் அவர்கள் நியமன அதிகாரி மாதிரி. விசாரணை நடத்தும் விஷயத்தில் ஒழுங்கு நடவடிக்கை அதிகாரி மாதிரி. ஆகவே உங்கள் டைரக்டர் சஸ்பெண்ட் செய்யலாம், சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் குறிப்பாணை) கொடுக்கலாம், விசாரணை அதிகாரியைப் போடலாம். ஆனால் அதே விதியில் ஒரு நிபந்தனையும் இருக்கிறது. என்ன காரணத்தால் சஸ்பெண்ட் செய்தோம், என்ன காரணத்தால் நடவடிக்கை தொடங்கினோம் என்று இரவல் கொடுத்த துறைக்கு உடனே தெரிவிக்க வேண்டும். பன்னிரண்டு நாளாகியும் சென்னைக்குக் கடிதம் போகவில்லை என்றால் இவர்கள் செய்யவேண்டியதைச் செய்யவில்லை. அது ஒன்றை வைத்தே உத்தரவு தூள்தூளாகிவிடும் என்று நினைக்காதீர்கள், ஆனால் மேல்முறையீட்டில் எழுத வேண்டிய முக்கியமான விஷயம்.

விசாரணை முடிந்த பிறகுதான் பாதை பிரிகிறது. 11ஆவது விதியில் தண்டனைகள் வரிசையாக இருக்கின்றன. கண்டனம், பதவி உயர்வை நிறுத்துவது, கவனக்குறைவால் ஏற்பட்ட நஷ்டத்தைச் சம்பளத்தில் பிடிப்பது, ஒரு படி சம்பளத்தை மூன்று வருடத்துக்கு மேற்படாமல் குறைப்பது, இன்கிரிமென்ட்டை நிறுத்துவது, இவையெல்லாம் மைனர். இதில் ஒன்றைக் கொடுக்க நினைத்தால் இங்கே இருப்பவரே கொடுக்கலாம், ஆனால் சென்னையைக் கலந்து பேசிய பிறகுதான். சென்னை ஒத்துக்கொள்ளவில்லை என்றால் தண்டனை கொடுக்க முடியாது, உங்களைத் திருப்பி ஒப்படைக்க வேண்டும். அதற்கு மேலே, சம்பளத்தை நீண்ட காலத்துக்குக் குறைப்பது, பதவியிறக்கம், கட்டாய ஓய்வு, ரிமூவல், டிஸ்மிஸ், இவையெல்லாம் மேஜர். இதில் எதையும் இங்கே இருப்பவர் கொடுக்கவே முடியாது. விசாரணைக் காகிதக் கட்டு முழுவதையும் சேர்த்து உங்களையும் சென்னைக்கு அனுப்ப வேண்டும், அங்கே அதிகாரம் உள்ளவர் அந்தக் கட்டைப் படித்து உத்தரவு போடுவார், தேவைப்பட்டால் மேலும் விசாரிப்பார். ஆக உங்கள் வேலை சென்னையிடம் பத்திரமாக இருக்கிறது, ஆனால் உங்கள் மேல் விசாரணை நடத்த தில்லிக்கு முழு உரிமை உண்டு.

இப்போது செய்ய வேண்டியது. சஸ்பென்ஷன் உத்தரவுக்கு எதிராக மேல்முறையீடு உண்டு, உத்தரவு கையில் கிடைத்த நாளிலிருந்து 45 நாள். பன்னிரண்டு போய்விட்டது, முப்பத்து மூன்று இருக்கிறது. தீர்ப்பாயம் பொதுவாக, துறைக்குள் இருக்கும் வழியையெல்லாம் பார்த்துவிட்டு வந்தாயா என்றுதான் முதலில் கேட்கும். அதனால் நேராக அங்கே ஓடாதீர்கள். வருகிற எந்தக் காகிதத்தையும் வாங்க மறுக்காதீர்கள், மறுத்தாலும் கொடுத்ததாகவே எழுதிவிடுவார்கள், உங்களுக்குத்தான் பதில் நாள் போகும்.

இன்னொன்று, காலண்டரில் குறித்துக்கொள்ளுங்கள். சஸ்பென்ஷனை 90 நாள் முடிவதற்குள் கமிட்டி வைத்து மறுபரிசீலனை செய்து நீட்டிக்க வேண்டும். நீட்டிக்காமல் விட்டால் 91ஆம் நாள் அது தானாகவே செத்துப்போகும், பிறகு உட்கார்ந்து நீட்டித்தாலும் உயிர் வராது. 2009இல் தீபக் மாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சொன்னது. 2015இல் அஜய் குமார் சௌத்ரி வழக்கில், மூன்று மாதத்துக்குள் சார்ஜ் மெமோ கொடுக்காமல் சஸ்பென்ஷனை இழுக்கக் கூடாது என்றும் சொல்லிவிட்டது. இரண்டு அலுவலகத்துக்கு நடுவில் ஆள் இருக்கும்போது இந்த மறுபரிசீலனையை "அவர்கள் செய்வார்கள்" என்று இவர்களும், "இவர்கள் செய்வார்கள்" என்று அவர்களும் விட்டுவிடுவார்கள். நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். அந்த நாளை எண்ணிக்கொண்டே இருங்கள்.


கரோல்பாக் அக்கா எழுதியது:

மேலே சார் சொன்னது அத்தனையும் சரி. நான் மறுபக்கத்திலிருந்து வந்தவள். தமிழ்நாடு அரசுப் பணியிலிருந்து இங்கே ஒரு மத்திய அலுவலகத்துக்கு அயற்பணியில் வந்தேன். மாநில அரசிலிருந்து வருகிறவர்களுக்கு அதே விதிகளில் 21ஆவது விதி, கிட்டத்தட்ட 20ஐத் திருப்பிப் போட்ட மாதிரி. எனக்கு இங்கே ஒரு கோப்பு தாமதமானதற்காக மெமோ வந்தது. நம் ஊரில் சின்னத் தண்டனைக்கு 17ஏ, பெரிய தண்டனைக்கு 17பி என்று பேசிப் பழகியவளுக்கு இங்கே ரூல் 16, ரூல் 14 என்று வந்ததும் ஒன்றும் புரியவில்லை. அப்புறம்தான் தெரிந்தது, 16 என்றால் மைனருக்கு, 14 என்றால் மேஜருக்கு. காகிதத்தின் தலைப்பைப் பார்த்தாலே அவர்கள் எவ்வளவு தூரம் போக நினைக்கிறார்கள் என்று தெரிந்துவிடும்.

எனக்குக் கண்டனம் கொடுக்க இங்கே முடிவு செய்து, ஊரில் என் துறையிடம் கருத்துக் கேட்டார்கள். என் துறை, அந்தக் கோப்பு இவரிடம் வந்ததே தாமதமாகத்தான், ஒப்புதல் தர முடியாது என்று எழுதியது. அதோடு என்னைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். தண்டனை இல்லை, என் பணிப்பதிவேட்டில் ஒரு கறையும் இல்லை. ஊரில் என் துறை ஏன் அப்படி எழுதியது தெரியுமா? மெமோ வந்த அன்றே நான் ஒரு பிரதியையும் என் பதிலையும், கோப்பு எந்தெந்த மேஜையில் எத்தனை நாள் கிடந்தது என்ற நோட்ஷீட் விவரத்தையும் சேர்த்து அனுப்பியிருந்தேன். இங்கேயிருந்து போன கடிதம் அதற்கு ஐந்து வாரம் கழித்துத்தான் போனது. அதற்குள் என் பக்கத்தை அவர்கள் படித்துவிட்டார்கள்.

அதனால் தம்பி, சென்னைக்குக் கடிதம் வரவில்லை என்று வருத்தப்பட்டுக்கொண்டிருக்காமல் நீங்களே எழுதுங்கள். ஸ்பீட் போஸ்ட்டில், பெயர் போட்டு, ஒப்புகை வாங்கி அனுப்புங்கள். நண்பரிடம் போனில் சொல்வது கோப்பில் ஏறாது.


ஆர்கேபுரம் வாசி எழுதியது:

சார், அக்கா, இருவருக்கும் எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. உத்தரவை மறுபடி எடுத்துப் பார்த்தேன். கீழே கையெழுத்து டைரக்டருடையது இல்லை, நிர்வாக அதிகாரியுடையது. "டைரக்டரின் உத்தரவின்படி" என்று போட்டிருக்கிறது. தலைமையிடம் தில்லி, அனுமதி இல்லாமல் வெளியே போகக் கூடாது என்றும் இருக்கிறது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன், சென்னை போக வேண்டும். இதெல்லாம் ஒருபுறம் இருக்க, நேற்று ஒரு கற்றை வந்தது. தலைப்பில் ரூல் 14 என்று இருக்கிறது. நான்கு இணைப்புகள். பார்த்ததும் கை நடுங்கியது. ரூல் 14 என்றால் வேலை போகப் போகிறது என்றுதானே அர்த்தம்?

இன்னொரு சந்தேகம். பக்கத்துக் குவார்ட்டர்ஸ் அண்ணா, "டெபுடேஷனில் இருந்தபோது செய்ததற்கு, திரும்பிப்போன பிறகு சென்னை ஒன்றும் செய்ய முடியாது, வேறு நிறுவனத்தில் நடந்தது" என்கிறார். அப்படியானால் எப்படியாவது திரும்பிப் போய்விட்டால் தப்பிக்கலாமா?


பழைய விஜிலென்ஸ் செக்‌ஷன் எழுதியது:

முதலில் மூச்சு விடுங்கள். ரூல் 14 மெமோ வந்தால் மேஜர் தண்டனைதான் கிடைக்கும் என்று இல்லை. 14இல் தொடங்கி மைனரில் முடிந்ததும் உண்டு, விடுவித்ததும் உண்டு. விசாரணையை முழுசாக நடத்த வேண்டும் என்பதுதான் அதன் அர்த்தம். ஒரு விதத்தில் உங்களுக்கு நல்லது. ரூல் 16இல் வாய்மொழி விசாரணை இல்லாமலேயே முடித்துவிட முடியும், 14இல் சாட்சியை நீங்கள் குறுக்கு விசாரணை செய்யலாம்.

அந்த நான்கு இணைப்பில் முதலாவது குற்றச்சாட்டு, இரண்டாவது அதன் விவரம், மூன்றாவது ஆவணப் பட்டியல், நான்காவது சாட்சிப் பட்டியல். மூன்றாவதை உட்கார்ந்து பாருங்கள். அதில் கேட் ரிஜிஸ்டர் இருக்கிறதா? எனக்கு உங்கள் கதையைப் படித்ததும் தோன்றியது அதுதான். வெளியிலிருந்து வருகிற சரக்கை வாசலில் செக்யூரிட்டி ஒரு நோட்டில் எழுதுவார், வண்டி எண், எத்தனை பெட்டி, எத்தனை மணி. அன்றைக்கு அந்த நோட்டில் 40 என்று இருந்தால் பெட்டிகள் உள்ளே வந்தன, பிறகு காணாமல் போயின. 26 என்று இருந்தால் சப்ளையர் கொடுத்ததே 26, உங்கள் தப்பு எண்ணாமல் கையெழுத்துப் போட்டது மட்டும். இரண்டுக்கும் நடுவில் மலைக்கும் மடுவுக்கும் வித்தியாசம். திருட்டுக்குத் துணை போனது ஒன்று, கவனக்குறைவு இன்னொன்று. அந்த நோட்டு பட்டியலில் இல்லாவிட்டாலும் நீங்கள் கேட்டு வாங்கலாம், விசாரணை அதிகாரியிடம் எழுத்தில் கேளுங்கள். சீக்கிரம் கேளுங்கள், அந்த மாதிரி நோட்டுகள் பழைய பேப்பர் கடைக்குப் போவதற்கு நேரம் ஆகாது.

அன்று சாவி யாரிடம் இருந்தது, நடைபாதையில் பெட்டிகள் எத்தனை மணி வரை கிடந்தன, மறுநாள் யார் ஸ்டோர் ரூமைத் திறந்தார்கள், இதையும் எழுதிவையுங்கள். "நாளைக்கு எண்ணிக்கொள்ளலாம்" என்று சொன்ன அதிகாரியை நீங்கள் சாட்சியாகவே கூப்பிடலாம். உங்கள் பதிலில் எண்ணவில்லை என்பதை மறைக்காதீர்கள், இங்கே எழுதியது போலவே எழுதுங்கள். எண்ணாமல் கையெழுத்துப் போட்டதை ஒப்புக்கொள்வது வேறு, குற்றச்சாட்டை ஒப்புக்கொள்வது வேறு. "குற்றச்சாட்டை மறுக்கிறேன்" என்ற வரி கட்டாயம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் விசாரணையே தேவையில்லை என்று ஒப்புதலாக எடுத்துக்கொள்வார்கள்.

கையெழுத்து விஷயம். நிர்வாக அதிகாரி கையெழுத்துப் போட்டதே பிழை என்று துள்ள வேண்டாம். கோப்பில் முடிவெடுத்தவர் யார் என்பதுதான் கேள்வி. 2013இல் கோபிநாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது, சார்ஜ் மெமோவை அதிகாரம் உள்ளவரே பார்த்து ஒப்புதல் கொடுத்திருக்க வேண்டும், நடவடிக்கை தொடங்கலாம் என்று பொதுவாகச் சொன்னது மட்டும் போதாது என்று. டைரக்டர் அந்தச் சார்ஜ் மெமோவின் வரைவைப் பார்த்துக் கையெழுத்துப் போட்டாரா என்று கேளுங்கள். போட்டிருந்தால் அந்த வாதத்தை விட்டுவிடுங்கள்.

அடுத்து, உங்கள் பக்கத்துக் குவார்ட்டர்ஸ் அண்ணா சொன்னது. தவறு. டெபுடேஷனில் இருந்தபோது நடந்ததற்குத் தாய்த்துறை கேட்கலாம். 1967இல் கோவிந்த மேனன் வழக்கு என்று ஒன்று. கேரளத்தில் ஐஏஎஸ் அதிகாரி, வருவாய் வாரியத்தில் இருந்தவர், அறநிலையத் துறை ஆணையராகவும் இருந்தார். கோயில் நிலக் குத்தகையில் தவறு நடந்தது என்று நடவடிக்கை. ஆணையர் பதவி தனிச் சட்டப்படி வந்தது, அதில் நான் அரசின் ஊழியன் இல்லை, அரசு எப்படிக் கேட்கலாம் என்றார். உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொள்ளவில்லை. வேறு நாற்காலியில் உட்கார்ந்து செய்ததாக இருந்தாலும், அது அவர் நேர்மையைத் தொடுகிறது என்றால் அரசு கேட்கலாம் என்றது. ஆகவே ஊருக்குத் திரும்பினால் வழக்கு முடிந்துவிடாது, கட்டு உங்கள் பின்னாலேயே ரயில் ஏறி வரும்.

அம்மாவின் ஆபரேஷனுக்கு மருத்துவர் சீட்டோடு தலைமையிடத்தை விட்டுப் போக அனுமதி கேளுங்கள். எழுத்தில் அனுமதி வராமல் டிக்கெட் போடாதீர்கள். சஸ்பென்ஷன் காலத்தில் சம்பளத்துக்குப் பதிலாகக் கிடைக்கும் பிழைப்பூதியம் வாங்க மாதாமாதம் வேறு எங்கும் வேலை செய்யவில்லை என்ற சான்றிதழ் கொடுக்க வேண்டும், மறந்தால் பணம் நிற்கும். முதல் மூன்று மாதம் அரைச் சம்பள லீவுக்கு என்ன கிடைக்குமோ அதுவும் அதற்கான பஞ்சப்படியும். மூன்று மாதம் தாண்டினால், தாமதம் உங்களால் இல்லை என்றால், அந்தத் தொகையை 50 சதவீதம் வரை கூட்டலாம். கூட்டச் சொல்லி நீங்கள் கேட்க வேண்டும், தானாக யாரும் கூட்டமாட்டார்கள்.


மயூர்விஹார் கணக்கர் எழுதியது:

திருப்பி அனுப்புவது பற்றி யாரும் முழுசாகச் சொல்லவில்லை, அதனால் நான். டெபுடேஷனில் வந்தவருக்கு இங்கேயே இருக்கும் உரிமை கிடையாது, எப்போது வேண்டுமானாலும் தாய்த்துறைக்கு அனுப்பலாம் என்று 2000இல் குணால் நந்தா வழக்கிலேயே முடிந்துபோன விஷயம். ஆனால் பணியாளர் துறை 2010 ஜூன் 17 அன்று போட்ட டெபுடேஷன் குறிப்பாணையில், காலம் முடியும் முன்னால் திருப்பி அனுப்புவதானால் தாய்த்துறைக்கும் ஊழியருக்கும் குறைந்தது மூன்று மாத முன்னறிவிப்பு கொடுக்கச் சொல்லியிருக்கிறது. அதைக் காட்டி, மகளின் பரீட்சை வரை கேளுங்கள். கண்டிப்பாகக் கிடைக்கும் என்று சொல்ல மாட்டேன், 20ஆவது விதியின்படி கட்டோடு அனுப்பினால் அது தனிக் கணக்கு. ஆனால் கேட்காமல் இருக்காதீர்கள்.

இன்னொன்று, இங்கே யாராவது ஐஏஎஸ் அதிகாரிகளை உதாரணம் காட்டி "அவர்களுக்கு அப்படி நடந்தது" என்றால் அதை உங்களோடு ஒப்பிடாதீர்கள். அவர்களுக்கு 1969இல் வந்த வேறு விதிகள். அங்கே தவறு நடந்த நேரத்தில் எந்த அரசின் கீழ் வேலை செய்தாரோ அந்த அரசு நடவடிக்கை தொடங்கும், வேலையைப் பறிப்பது மத்திய அரசால் மட்டுமே முடியும்.


முனிர்காக்காரன் எழுதியது:

சார், நான் சொன்னது தவறு என்று புரிந்தது, மன்னியுங்கள். 311ஐ என் சித்தப்பா வழக்கில் கேட்டது, அவர் டிஸ்மிஸ் ஆனவர், அதனால் அங்கே பொருந்தியது. ஆர்கேபுரம் சார், நீங்கள் பதில் எழுதும்போது டைப் செய்ய, இந்தியிலிருந்து தமிழாக்கம் செய்ய ஆள் வேண்டுமென்றால் நான் சாயங்காலம் வருகிறேன். மலைமந்திர் பக்கம்தானே, நடந்தே வந்துவிடலாம். விசாரணைக்கு உதவியாளர் வைத்துக்கொள்ளலாமா என்று மட்டும் பெரியவர் சொல்லுங்கள்.


பழைய விஜிலென்ஸ் செக்‌ஷன் எழுதியது:

வைத்துக்கொள்ளலாம் தம்பி, வைத்துக்கொள்ளத்தான் வேண்டும். வேலையில் இருக்கும் அரசு ஊழியர் ஒருவரையோ ஓய்வு பெற்றவரையோ உதவிக்கு வைக்கலாம். அவர்கள் பக்கம் வாதாட வக்கீலை வைத்தால் தவிர, அல்லது தனியாக அனுமதி கிடைத்தால் தவிர, வக்கீல் வைக்க முடியாது. ஸ்டோர்ஸ் கணக்கு தெரிந்தவராகப் பாருங்கள். சட்டம் தெரிந்தவரைவிட, ஸ்டாக் ரிஜிஸ்டரின் எந்தப் பத்தியில் எது எழுதுவார்கள் என்று தெரிந்தவர்தான் இந்த வழக்கில் உங்களுக்குக் கைகொடுப்பார். யாரும் கிடைக்காவிட்டால் நான் வருகிறேன், என் கையில் இப்போது ஒரு வழக்குத்தான் இருக்கிறது.


ஆர்கேபுரம் வாசி எழுதியது:

எல்லோருக்கும் தகவல். மேல்முறையீட்டை நேற்று நேரில் கொடுத்து, பிரதியில் டைரி எண் வாங்கினேன். சென்னைக்குச் சஸ்பென்ஷன் உத்தரவு, சார்ஜ் மெமோ, நான் கொடுத்த விளக்கம் எல்லாவற்றின் நகலும் ஸ்பீட் போஸ்ட்டில் போயிற்று. இன்று காலை அங்கேயிருந்து சூப்பரின்டென்டென்ட் அம்மா போன் செய்தார்கள். இங்கேயிருந்து இன்னும் ஒன்றும் வரவில்லை, என் கடிதத்தை வைத்து இந்த நிறுவனத்திடம் விவரம் கேட்டு எழுதப்போவதாகச் சொன்னார்கள். சார்ஜ் மெமோவுக்கான பதிலை முனிர்கா தம்பியோடு உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன், மறுக்கிறேன் என்ற வரியை முதலிலேயே போட்டாயிற்று.

சார், நீங்கள் சொன்னபடி வாசலில் இருக்கும் செக்யூரிட்டியிடம் போய்ப் பேசினேன். சஸ்பென்ஷனில் இருப்பவரை உள்ளே விடக் கூடாது என்றார், ஆனால் நின்றபடியே பேசினார். மார்ச் மாத நோட்டு அவருடைய அறையில் டேபிள் டிராயரில்தான் இருக்கிறதாம், அவரே எடுத்துக் காட்டமாட்டேன் என்றார், கேட்டால் அதிகாரி மூலமாகக் கேட்கச் சொன்னார். நோட்டு இருக்கிறது என்பது தெரிந்தாயிற்று. விசாரணை அதிகாரி நியமனம் வந்த அன்றே கேட்டுவிடுகிறேன். உதவியாளராக உங்களையே வைத்துக்கொள்ள விரும்புகிறேன் சார், சம்மதக் கடிதம் எந்த வடிவத்தில் வேண்டும் என்று சொன்னால் டைப் செய்து எடுத்துவருகிறேன்.